சம்பந்தி மறக்கவில்லை

அன்புள்ள ஜெனி,

போன ஞாயிற்றுக்கிழமை தொலைபேசியில் நீ கேட்ட கேள்விக்கு நான் பதில் சொல்லவில்லை. "அப்பா, அண்டைக்கு ஹோலிலை மாமா கடைசி வசனத்தை மறந்திட்டாரோ?" என்று கேட்டாய். நான் இருமுவது போலச் செய்து ரிசீவரை உன் அம்மாவிடம் கொடுத்துவிட்டேன். இருமல் எனக்கு இப்போது நல்ல வசதி. தொண்டையில் டாக்டர்மார் கத்தி வைத்த மனிதனிடம் யாரும் இரண்டாம் தரம் கேட்பதில்லை. ஆனால் அன்று முதல் எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. உன் கலியாணம் முடிந்து மூன்று கிழமையாகிறது, கொலோனில் எங்கள் சனம் இன்னும் அதைத்தான் கதைக்கிறது. சாப்பாடு திறமாம், பொம்பிளை நல்ல வடிவாம், ஆனால் பாவம் அந்த வெள்ளைக்காரச் சம்பந்தி, இவ்வளவு தமிழைப் பாடமாக்கிக்கொண்டு வந்து முடிவில் மறந்துபோய் நின்றுவிட்டாராம். நேற்றுக் கடையில் முருங்கைக்காய் பொறுக்கும்போது ஒருவர் என் தோளைத் தட்டி, "ஆனைக்கும் அடி சறுக்கும்தானே அண்ணை" என்று எனக்கு ஆறுதல் சொல்கிறார். நாற்பது வருடமாகப் பிறர் எழுதிய வசனத்தை ஒரு சொல் பிசகாமல் சொன்ன மனிதருக்கு இந்தப் பெயர் வரக் கூடாது. உன் மாமா மறக்கவில்லை, பிள்ளை. நடந்ததைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். கொஞ்சம் நீளும். பாரிஸில் நீ வேலைக்குப் போகும் ரயிலில் ஆறுதலாக வாசி, இறங்கவேண்டிய இடத்தைத் தவறவிட்டால் என்னை ஏசாதே.

முதலில் என் குரலைப் பற்றிச் சொல்லவேண்டும். சிரிக்காதே. இல்லாமல்போன ஒன்றைப் பற்றிக் கொஞ்சம் பெருமையடித்தால் கண்ணூறு படாது. கிழமை நாட்களில் பாண் தொழிற்சாலையில் தலையெல்லாம் மாவோடு நிற்கிற உன் அப்பா, சனிக்கிழமை கோட்டைப் போட்டுக்கொண்டு மைக்கைக் கையில் எடுத்தால் வேறு ஆள். கலியாணமோ, விளையாட்டுப் போட்டியோ, கோவிலில் யேசு பாலன் பிறப்புக்கு நத்தார் ஒளிவிழாவோ, அறிவிப்பாளர் நான்தான். நான் "அன்பான உறவுகளே" என்று தொடங்கினால் பின்வரிசையில் அழுகிற கைக்குழந்தையும் அழுகையை நிறுத்தும் என்று ஊரெல்லாம் பேச்சு. அந்தப் பேச்சை ஊரெல்லாம் பரப்பியதும் நான்தான், அது வேறு விஷயம். உனக்கு ஆறு வயதிருக்கும், குசினிக் கதிரையில் ஏறி நின்று அகப்பையை வாய்க்கு நேரே பிடித்துக்கொண்டு, "அன்பான உறவுகளே, இன்றைய மதிய உணவு பருப்பும் கத்தரிக்காயும்" என்று என்னைப்போலவே இழுத்து, நான் நிறுத்துகிற இடத்தில் நிறுத்தி, ஒரு தரம் தொண்டையைச் செருமி அறிவித்தாய். அம்மா விழுந்து விழுந்து சிரித்ததில் பருப்பு அடிப்பிடித்துவிட்டது. அன்றைக்கு அடிப்பிடித்த பருப்பைப்போல ருசியாக நான் பிறகு எதையும் சாப்பிடவில்லை.

அந்தக் குரலைத்தான் யூரோ வந்த அடுத்த வருடம் அதே குசினியில் உனக்கு எதிராகத் திருப்பினேன். நீ படிக்கப் போன பாரிஸிலேயே வேலையும் எடுத்துக்கொண்டு, அந்தச் சனிக்கிழமை வீட்டுக்கு வந்திருந்தாய். மத்தியூ என்று ஒருவர், பாலம் கட்டுகிற எஞ்சினியர், அவரைக் கட்டப் போகிறேன் என்றாய். எஞ்சினியர் என்றதும் எனக்குப் பாதிக் கோபம் ஆறியது உண்மை. எங்கள் வழக்கப்படி அடுத்த கேள்வியைக் கேட்டேன், "தகப்பன் என்ன செய்யிறார்?"

"நடிகர், அப்பா."

"ஆர், கதாநாயகனோ?"

"இல்லை. சின்னச் சின்ன வேஷம். மிச்ச நேரம் வேற நாட்டுப் படங்களுக்குப் பிரெஞ்சிலை குரல் குடுக்கிறார்."

கதாநாயகன் என்று சொல்லியிருந்தால் ஒருவேளை வாயை மூடியிருப்பேனோ என்னவோ. சின்ன வேஷம் என்றதும்தான் எனக்கு ஏறியது. "கூத்தாடியின்ரை வீட்டுக்கோ என்ரை பிள்ளை போறது? சொந்த முகமும் இல்லாமல் சொந்தக் குரலும் இல்லாமல் திரியிற மனுசன்ரை வீட்டுக்கோ?" என்று கத்தினேன். கீழ்வீட்டுக் கிழவி தும்புத்தடியால் முகட்டில் இடித்தாள். நான் நிறுத்தவில்லை. "போறதெண்டால் போ. இனி என்னை அப்பா எண்டு கூப்பிடாதை" என்றேன். நீ அழவில்லை. நீ குடித்த கோப்பையைக் கழுவித் துடைத்துக் கவிழ்த்து வைத்துவிட்டு ஸ்டேஷனுக்குப் போனாய். அந்தக் கோப்பை ஒரு கிழமையாக அப்படியே கவிழ்ந்திருந்தது, அதை நிமிர்த்த எனக்குக் கை வரவில்லை.

பிறகு நான் செய்த வேலையை நீ முழுக்க அறியமாட்டாய். "இஞ்சருங்கோ, குதிக்காமல் முதல் விசாரிச்சுப் பாருங்கோ" என்றாள் அம்மா. விசாரிக்காமல் எங்களுக்குள் எந்தச் சம்பந்தம் நடந்தது? பாரிஸில் லாச்சப்பலில் பலசரக்குக் கடையில் நிற்கிற என் ஒன்றுவிட்ட தம்பி, உன் அன்ரன் சித்தப்பாவிடம் பொறுப்பை ஒப்படைத்தேன். ஊரென்றால் பங்குச் சாமியாரைக் கேட்கலாம், அயல்வீட்டைக் கேட்கலாம். பிரெஞ்சு நடிகனைப் பற்றி அன்ரன் யாரைக் கேட்பான்? ஆள் தன் புத்திக்கு எட்டியதைச் செய்தான். மத்தியூவின் தகப்பன் எமில் நடித்த படங்களின் வீடியோ கொப்பிகளைத் தேடிப்பிடித்துக் கொண்டுவந்து, மனுசியையும் பக்கத்தில் இருத்திக்கொண்டு ஒவ்வொன்றாகப் பார்த்தான். ஞாயிறு பூசை முடிந்ததும் எனக்கு அறிக்கை வரும்.

"அண்ணை, இந்தக் கிழமைப் படத்திலை ஆள் கள்ளன்."

"போன கிழமை?"

"போன கிழமை காட்டிக்குடுக்கிறவன். அதுக்கு முதல் கிழமை குடிச்சிட்டு வாய்க்காலுக்கை விழுந்து செத்திட்டான்."

"ஒண்டிலையாவது நல்லவனா வரேல்லையோ?"

"ஒண்டிலை பாதிரியார், அண்ணை. ஆனா அதிலையும் பாவசங்கீர்த்தனத்திலை கேட்டதைப் பொலிசுக்குச் சொல்லிப்போட்டான்."

அதோடு நான் போனை வைத்துவிட்டேன். கள்ளனை மன்னிக்கலாம், பாவசங்கீர்த்தனத்தை வெளியே சொல்கிறவனோடு எப்படிச் சம்பந்தம் செய்வது? நீ இப்போது வாய்விட்டுச் சிரிப்பாய், ரயிலில் பக்கத்தில் இருப்பவர்கள் உன்னைப் பார்ப்பார்கள். ஆனால் எங்கள் சனத்தின் வியாதி இது. திரையில் நல்லவனாக வந்தவனிடம் நாட்டையே தூக்கிக் கொடுப்போம், திரையில் கெட்டவனாக வந்தவனுக்கு வாடகைக்கு வீடும் கொடுக்கமாட்டோம். இவ்வளவுக்கும் அந்த மனிதரின் வீடு அன்ரனின் கடையிலிருந்து மெட்ரோவில் ஐந்தாவது நிறுத்தம். போய்க் கதவைத் தட்டு என்று நான் ஒரு நாளும் சொல்லவில்லை. இன்னொன்றையும் அன்ரன் சொன்னான். படம் ஓடிக்கொண்டிருக்க, எமில் சிறைக் காவலாளியாக வந்து ஒருவனை உள்ளே தள்ளிப் பூட்டுகிற கட்டத்தில் அன்ரனின் சின்ன மகள் ஓடிவந்து திரையைக் கட்டிப்பிடித்தாளாம். அவள் பார்க்கிற கார்ட்டூனில் எப்போதும் பிந்திவருகிற கிழட்டுக் கரடிக்கு அந்தக் குரல்தானாம். "அதை விடு, மற்றதைச் சொல்லு" என்றேன் நான். அத்தனை விசாரணையிலும் ஆளைச் சரியாகக் கண்டுபிடித்த ஒரே சாட்சி அவள்தான்.

இப்படியே ஐந்து மாதம் போனது. நீ அம்மாவோடு கதைப்பாய், நான் பக்கத்து அறையில் பேப்பர் வாசிப்பேன், ஒரே பக்கத்தை. அந்த வருட ஒளிவிழாவில் என் குரல் முதல் தடவை கரகரத்தது. சளி, தடிமன் என்றேன். தை மாதமும் கரகரத்தது. டேர்மின் எடுத்து, அதாவது நாள் குறித்து, டாக்டரிடம் போனேன். ஒரு குழாயை மூக்கு வழியே விட்டுப் பார்த்து, குரல் நாணில் ஒரு வளர்த்தி என்றார்கள். வெட்டி எடுத்தார்கள். கெட்ட வியாதி பரவவில்லை, மாதாவுக்கு நன்றி. ஆனால் அதோடு குரலும் போனது. மிச்சம் வந்தது காற்று, பாண் வெதுப்பும் அடுப்புக் கதவைத் திறக்கும்போது வருமே, அதுபோல ஒரு சத்தம். "நல்லதுக்குக் குடுத்ததை வச்சுப் பிள்ளையை ஏசினியள், கடவுள் திருப்பி எடுத்துப்போட்டார்" என்று உன் அம்மா ஆஸ்பத்திரிக் கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்தே சொன்னாள். பதில் சொல்ல வாய் இல்லாத நேரம் பார்த்துச் சொன்னாள்.

நீ பாரிஸிலிருந்து ஓடிவந்தாய். கட்டில் ஓரத்தில் இருந்தாய். எனக்கு ஒரு கொப்பியும் பேனாவும் தந்திருந்தார்கள். பிள்ளை, அன்றைக்கு நான் முதலில் "நான்" என்று எழுதினேன். அதற்கு மேல் பேனா நகரவில்லை. அதை வெட்டிவிட்டு "சாப்பிட்டியா?" என்று எழுதிக் காட்டினேன். நீ வாய் உள்ளவள், வாயால் சொல்லியிருக்கலாம். என் கையிலிருந்த பேனாவை வாங்கி "ஓம் அப்பா" என்று எழுதினாய். கூப்பிடாதே என்று நான் சொன்ன சொல்லால் நீ எழுத்தில் கூப்பிட்டாய். நான் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டேன், மருந்து மயக்கம் என்று நினைத்திருப்பாய். போகும்போது "அப்ப ஆவணியிலை வைப்பமா?" என்று கேட்டாய், தலையாட்டினேன். எல்லாம் சரியாகிவிட்டது என்று எல்லோரும் நினைத்தார்கள். சம்மதம் கொடுப்பதும் மன்னிப்புக் கேட்பதும் ஒன்றல்ல என்பது எனக்குத் தெரியும். ஒன்றைக் கொடுத்து மற்றதில் தப்பினேன்.

கலியாணம் கிட்ட வர வேறு ஒரு பயம் பிடித்தது. பொம்பிளையின் தகப்பன் மேடையில் ஏறி வந்தவர்களை வரவேற்றுப் பேசவேண்டும். கொலோனில் எத்தனை தகப்பன்மாருக்கு மைக்கை எப்படிப் பிடிப்பது என்று நான் காட்டிக்கொடுத்திருக்கிறேன். அவர்கள் எல்லோரும் முன்வரிசையில் இருந்து பார்க்க, நான் காற்றை ஊதிக்கொண்டு நிற்பதா? கோவிலுக்கு வாறன், ஹோலுக்கு வரமாட்டன், களைப்பு எண்டு பிள்ளைக்குச் சொல்லு என்று துண்டில் எழுதி அம்மாவிடம் நீட்டினேன். அவள் அதைக் கிழித்துக் குப்பையில் போட்டுவிட்டு உனக்குப் போன் எடுத்துச் சொன்னாள். நீ மத்தியூவிடம் சொன்னாய். அடுத்த புதன்கிழமை பகல் அழைப்புமணி அடித்தது. கதவைத் திறந்தேன். அன்ரன் அனுப்பிய வீடியோவில் பார்த்த, பாவசங்கீர்த்தனத்தைப் பொலிசுக்குச் சொன்ன முகம் வாசலில் நிற்கிறது, கையில் ஒரு சூரியகாந்திக் கொத்து.

எமிலின் தாய் ஜேர்மன் எல்லையோரத்து அல்சாஸ்காரி என்பதால் அவருக்கு ஒரு பழங்கால ஜேர்மன் தெரியும். என்னுடையது தொழிற்சாலை ஜேர்மன். இரண்டு நொண்டிகளும் ஒருவர் தோளில் ஒருவர் கை போட்டு நடந்தோம். "உங்கள் மகளுக்குத் தெரியாமல் வந்தேன், குரல் சம்பந்தமாக எனக்கும் கொஞ்சம் தெரியும்" என்றார். அம்மா ரோல்ஸ் பொரித்துக் கொடுத்தாள், நான்கு சாப்பிட்டார், உறைப்பில் கண்ணீர் வந்தது, ஐந்தாவதையும் எடுத்தார். தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருந்தது. சத்தத்தை நிறுத்திவிட்டு, காலநிலை சொல்கிற மனிதருக்குப் பிரெஞ்சில் குரல் கொடுக்கத் தொடங்கினார். அந்த மனிதர் வாய் திறக்கும்போது திறந்து, மூடும்போது மூடி, மழைமேகத்தைக் காட்டும்போது அழுவது போல ஒரு குரல். அம்மாவுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன். ஆஸ்பத்திரிக்குப் பிறகு நான் சிரித்தது அன்றுதான், சத்தம் வராமல்.

அன்று பின்னேரம் வரை இருந்து தன் தொழிலைப் பற்றிச் சொன்னார். நாற்பது வருடத்தில் ஒரு விளம்பரத் தட்டியிலும் பெயர் வரவில்லையாம். கோப்பி கொண்டுவருகிற வெயிட்டர், உயில் வாசிக்கிற நொத்தாரிசு, "என் பின்னால் வாருங்கள்" என்று மட்டும் சொல்கிற பொலிஸ்காரன், பிணவறையில் பிணம். ஒரு படத்தில் மாளிகை வாசலைத் திறந்துவிடுகிற காவல்காரன் வேஷம், வசனமே இல்லை. அந்தக் காவல்காரனுக்கு முழங்கால் வலி என்று அவரே முடிவெடுத்து, கதவைத் திறக்க எழும்பும்போது ஒரு கையைச் சுவரில் ஊன்றினாராம். உள்ளே வந்த கதாநாயகன் தன்னையறியாமல் குனிந்து அவர் முழங்கையைப் பிடித்துத் தூக்கிவிட்டிருக்கிறார். அது எழுதியிருக்கவில்லை, ஆனால் படத்தில் நின்றுவிட்டது. "அந்தப் படத்தில் கதாநாயகன் நல்லவன் என்று சனம் நம்பியது அந்த ஒரு இடத்தில்தான்" என்றார். ஜெனி, புத்திமதி சொல்லக் கூடாது என்று அம்மா கட்டளை போட்டிருக்கிறாள், ஆனாலும் ஒன்று. கலியாணத்தில் தட்டியில் பெயர் வருகிற நாள் ஒரே ஒரு நாள்தான், அது முடிந்துவிட்டது. மிச்சமெல்லாம் கதவு திறந்துவிடுகிற வேஷம். அதை முழங்கால் வலியோடு செய்.

ஒரு அமெரிக்க நடிகருக்கு இருபது வருடமாக எமில்தான் பிரெஞ்சுக் குரல். இருவரும் சந்தித்ததே இல்லை. அந்த நடிகர் இறந்துபோன செய்தி வானொலியில் வந்தபோது இவர் பாத்திரம் கழுவிக்கொண்டு நின்றாராம், ஒரு கோப்பை கை தவறி உடைந்ததாம். அந்த மனிதருக்காக இவர் வைத்திருந்த குரலுக்கு இனி வாய் இல்லை. அதைக் கேட்டதும் நான் என் தொண்டையில் கை வைத்தேன். அவர் கண்டார், கண்டும் காணாதமாதிரி அடுத்த கதைக்குப் போனார். மத்தியூவுக்கு நாலு வயதாக இருக்கும்போது இவர் விடியப் போனால் பொழுதுபட்டுத்தான் வீட்டுக்கு வருவாராம், பிள்ளைகள் நிகழ்ச்சிக்குக் கரடிக் குரல் கொடுக்கிற வேலை. ஒரு நாள் மனைவி சொல்லியிருக்கிறார், பிள்ளை தொலைக்காட்சிப் பெட்டிக்கு முன்னால் போய் நின்று கரடியிடம், "அப்பா, எப்ப வருவீங்கள்?" என்று கேட்கிறான் என்று. "அதற்கு நான் என் மகனிடம் இன்னும் பதில் சொல்லவில்லை. இப்போது அவனுக்குத் தாடி வந்துவிட்டது" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். அந்த மனிதரைத்தான் நான் சொந்தக் குரல் இல்லாதவன் என்று மூன்று வீட்டுக்குக் கேட்கக் கத்தினேன்.

போகும் முன் என் முகத்தை ஒரு சாமான் பார்ப்பதுபோலத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "உங்கள் உதடுகள் மிகத் தெளிவு. நீங்கள் வாயை மட்டும் அசையுங்கள், நான் பக்கத்தில் நின்று குரல் கொடுக்கிறேன். தமிழில்" என்றார். நான் கொப்பியில் பெரிய எழுத்தில் "விசரா, பைத்தியமா?" என்று தமிழில் எழுதினேன். அம்மா அதை ஜேர்மனில் "நன்றி" என்று மொழிபெயர்த்தாள்.

அதன் பிறகு நடந்த கூத்தைத்தான் உன்னிடம் ஒளித்தோம். நான் பேச்சை எழுதினேன். எமிலுக்கு உச்சரிப்புக்காக அம்மா அதை வாசித்துக் கசெட்டில் பதிந்து அனுப்பினாள். இரண்டு கிழமை கழித்து அவர் தொலைபேசியில் பேசிக் காட்டுகிறார், சம்பந்தி உன் அம்மாவின் நளினத்தோடு "வாங்கோ வாங்கோ" என்று கொஞ்சுகிறார். நான் தலையில் அடித்துக்கொண்டேன். ஆம்பிளைக் குரலில் பழக்க அன்ரனைப் பிடித்தோம். ஐந்து மாதம் ஆளைக் கள்ளன் என்று அறிக்கை அனுப்பிய அதே அன்ரன், சனிக்கிழமைகளில் கடைப் பின்னறையில் அரிசி மூட்டைமேல் அவரை இருத்தி, "சம்பந்தி, ழ வராட்டிப் பரவாயில்லை, எங்கடை ஆக்களுக்கும் வராது" என்று பாடம் எடுத்தான். பிரான்ஸில் குரல் கொடுப்பவர்களுக்குத் திரையின் அடியில் ஒரு பட்டி ஓடுமாம். வசனத்தை அதில் கையால் எழுதியிருப்பார்கள், சொல் நீண்டால் எழுத்தையும் இழுத்து எழுதியிருப்பார்கள், வாய் மூடுகிற இடத்தில் ஒரு கோடு. எமில் அப்படி ஒரு பட்டியைக் கடையில் பில் அடிக்கிற கடதாசிச் சுருளில் தானே செய்தார், தமிழ்ச் சொற்களைப் பிரெஞ்சு எழுத்தில். அதற்கு என் வாயசைவு வேண்டுமாம். உன் அம்மா கமராவைத் தூக்க, நான் மேலே கோட்டும் ரையும், கீழே சாரமுமாக வீட்டு ஹோலுக்குள் நின்று முழுப் பேச்சையும் சத்தமில்லாமல் பேசினேன். பேச்சு "வந்திருக்கும் எல்லோருக்கும் நன்றி" என்று முடிந்தது. அம்மாவுக்குக் கமராவை நிற்பாட்டத் தெரியவில்லை, சிவப்பு விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. அவள் கண்ணாடியைத் தேடிப் போன நேரம் நான் அந்த விளக்கைப் பார்த்து, எழுதாத ஒன்றைச் சொல்லிவிட்டேன். சத்தம் இல்லைதானே என்ற துணிவு. வீடியோ அப்படியே எமிலுக்குப் போனது, பிறகு மறந்துவிட்டேன். இல்லை, மறந்துவிட்டதாக நினைத்துக்கொண்டேன்.

கலியாணத்துக்கு முதல்நாள் ஹோலில் கதிரை அடுக்கிக்கொண்டிருக்கும்போது எமிலிடம் சும்மா ஒன்று எழுதிக் கேட்டேன், எல்லாச் சத்தத்துக்கும் நீங்கள் குரல் கொடுப்பீர்களா என்று. வசனம் எல்லாம் கொடுப்பாராம். ஆனால் சில படங்களில் ஒரு விம்மல், ஒரு பெருமூச்சு வரும், அதை முடிந்தால் அந்த நடிகருடையதாகவே விட்டுவிடச் சொல்லிக் கேட்பாராம். "அது அவருடைய சொத்து, நான் தொடக்கூடாது" என்றார். எனக்கு அப்போது ஒன்றும் ஓடவில்லை.

மற்றது நீ மேடையிலிருந்து பார்த்ததுதான். நான் நடுவில், எமில் எனக்கு அரை அடி பின்னால் மைக்கோடு, கீழே அன்ரன் குந்தியிருந்து சுருளைக் கொஞ்சம் கொஞ்சமாக இழுத்துக்கொண்டு. நான் வாய் திறந்தேன், "அன்பான உறவுகளே" என்று ஹோல் அதிர்ந்தது. சனம் என் வாயையும் அவர் வாயையும் மாறி மாறிப் பார்த்தது, ஜெனி. பிறகு விசில். நான் நிறுத்துகிற இடத்தில் நிறுத்தினார், நான் செருமுகிற இடத்தில் செருமினார். என் குரல் எனக்கு வெளியே நின்று பேசுவதை நான் கேட்டேன். என் வாழ்நாளில் அவ்வளவு சந்தோசமாக ஒரு மேடையில் நின்றதில்லை. "வந்திருக்கும் எல்லோருக்கும் நன்றி" வந்தது. நான் வாயை மூடினேன். அவர் இறங்கவில்லை. மைக்கைத் தன் வாயிலிருந்து எடுத்து என் வாய்க்கு நேரே பிடித்துக்கொண்டு நின்றார். குனிந்து பார்த்தேன், அன்ரன் கையில் சுருள் இன்னும் ஒரு சாண் மிச்சமிருந்தது. அதில் ஒரு எழுத்தும் இல்லை. தொடக்கத்தில் ஒரு கோடு, முடிவில் ஒரு கோடு, நடுவில் வெறும் இடம். வீடியோவில் சிவப்பு விளக்கைப் பார்த்து நான் சொன்னதன் நீளம் அது. அவருக்கு என்ன சொன்னேன் என்று தெரியாது, யாரையும் கேட்கவும் இல்லை என்று அன்ரன் சத்தியம் செய்கிறான். அளந்து மட்டும் வைத்திருந்தார்.

சனம் அவர் மறந்துவிட்டார் என்று நினைத்தது. முன்வரிசையில் ஒருவர் "நன்றி வணக்கம், சொல்லுங்கோ, நன்றி வணக்கம்" என்று எடுத்துக் கொடுத்தார். எமில் அசையவில்லை. நான் சொன்னேன், பிள்ளை. என்னிடமிருந்த காற்றையெல்லாம் கூட்டிச் சொன்னேன். அதே நேரம் பாட்டுப் போடுகிற பெடியன் பேச்சு முடிந்ததென்று நினைத்து ஒரு குத்துப்பாட்டை முழுச் சத்தத்தில் திறந்துவிட்டான். சனம் கைதட்டி எழும்பியது, நீயும் சிரித்துக்கொண்டு கைதட்டினாய். என் உதடு அசைந்ததைக் கண்டு நன்றி சொல்கிறேன் என்று நினைத்திருப்பாய். மேடையிலிருந்து இறங்கும்போது எமில் என் காதில், "அது என்னுடைய வசனம் இல்லை" என்றார். வீட்டுக்கு வந்து கோட்டைக் கழற்றினால் பைக்குள் அந்தச் சுருள்.

அதை இந்தக் கடிதத்தோடு அனுப்புகிறேன். மூன்று கிழமை என் மேசையில் இருந்தது. முழுவதும் உன் மாமாவின் கையெழுத்து, கடைசி ஒரு சாண் மட்டும் இப்போது என்னுடையது. ஆஸ்பத்திரிக் கொப்பியில் "நான்" என்று எழுதி வெட்டினேனே, அதற்கு மிச்சம் அதில் இருக்கிறது: "நான் பிழை விட்டிட்டன், ஜெனி. என்னை அப்பா எண்டு கூப்பிடு."

ரயிலில் அதை விரிக்காதே. வீட்டுக்குப் போய், குசினியில் ஒரு கதிரையில் ஏறி நின்று, அகப்பையைப் பிடித்துக்கொண்டு சத்தமாக வாசி. என் பழைய குரல் இந்த உலகத்தில் இனி உன்னிடம்தான் இருக்கிறது. நிறுத்துகிற இடமும் செருமுகிற இடமும் உனக்குத் தெரியும்.

அப்பா